எண்பத்து மூன்றாவது கிலோமீட்டரின் பூ

எங்கள் சாலைத்துறை யார்டில் அவரை எல்லோரும் 'பிளேடு' என்றுதான் கூப்பிடுவார்கள். பேச்சால் அறுப்பவர்களுக்குத்தானே வழக்கமாக அந்தப் பட்டம் கிடைக்கும்? இவர் விஷயத்தில் நிலைமை நேர்மாறு. காலையில் வந்து கையெழுத்துப் போட்டு வண்டிச் சாவியை வாங்குவதிலிருந்து, மாலையில் திருப்பிக் கொடுப்பது வரை மொத்தம் பத்து வார்த்தை பேசினால் அதிகம். அவர் கிரேடர் ஓட்டுநர். நீளமான மஞ்சள் வண்டி, அதன் வயிற்றுக்குக் கீழே பன்னிரண்டு அடி அகலத்தில் ஓர் இரும்புப் பிளேடு. அதைச் சாய்த்து இறக்கிச் சாலையோர மண்ணைச் சீவி மட்டம் செய்வார். பெயர் வந்தது அதனால்தான்.

நான் அங்கே ஸ்டோர் கீப்பர். தேய்ந்த பிளேடுக்குப் பதில் புதுப் பிளேடும் போல்ட்டும் எடுத்துக் கொடுப்பவன். பத்தொன்பது வருஷம் என் கவுண்டர் ஜன்னலுக்கு அந்தப் பக்கம் நின்ற மனிதர் அவர். அவரைப் பற்றிச் சொல்ல எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு.

பாலைவனத்துக்குள் நூற்று நாற்பது கிலோமீட்டர் ஓடுகிறது எங்கள் பிரிவின் சாலை. காற்று மணலை ஓரத்தில் குவிக்கும். எப்போதோ பெய்கிற மழை பள்ளம் பறிக்கும். தாரை விட்டு இறங்குகிற வண்டி கவிழாமல் இருக்க, வருஷத்துக்கு இரண்டு தடவை இரு பக்கத்து மண்ணையும் சீவி விட வேண்டும். அண்ணன் என்றுதான் நான் அவரைக் கூப்பிடுவேன்; அவர் அதை அப்படி இழுப்பார். ஒரு டம்ளர் தண்ணீரை வைத்தால் சிந்தாது. அந்த வேலையில் அவருக்கு நிகர் அவரே. ஆனால் வீட்டில் அவர் நிலைமை வேறு மாதிரி.

அவர் மனைவி, எனக்கு அண்ணி, பெரிய ஆஸ்பத்திரியின் சலவைப் பிரிவில் வேலை பார்த்தார். நாள் முழுக்கப் போர்வைகளை இஸ்திரி போட்டு மடித்து அடுக்குவது. அண்ணனுக்கும் சேர்த்து அவரே பேசிவிடுவார். ஒரு தடவை என்னிடம் சொன்னார்: "தம்பி, எங்க வீட்டுல ரேடியோவும் நான்தான், கேக்குற ஆளும் நான்தான். உங்க அண்ணன் சும்மா கரண்டு பில்லு கட்டுறாரு." சிரித்துக்கொண்டேதான் சொன்னார். ஆனாலும் மகள் கல்யாணமாகிப் போன பிறகு, டயர் கடைக்கு மேலே இருந்த அந்த இரண்டு அறை வீட்டில், பேசிப் பதில் வராமல் ஒரு மனுஷி எத்தனை நாள் தாக்குப் பிடிப்பார் என்று எனக்குத் தோன்றியதுண்டு.

அண்ணிக்கு நாற்பத்தாறு வயதில் மூச்சு வாங்க ஆரம்பித்தது. வீட்டுக்கு ஏறும் இருபத்திரண்டு படியில் பன்னிரண்டாவது படியிலேயே உட்கார்ந்துவிடுவார். இதயத்தில் ஒரு வால்வு சரியில்லை என்றார்கள். அவர் வேலை பார்த்த அதே ஆஸ்பத்திரியில் அறுவை சிகிச்சை நடந்தது. "நான் மடிச்சுக் கொடுத்த போர்வையிலேயே என்னப் படுக்க வச்சுட்டாங்க பாருங்க. மூலை சரியா மடிக்கலைன்னு குறை சொல்லக்கூட வழியில்ல" என்று மயக்கம் தெளிந்ததும் நர்சிடம் சொன்னாராம். ஆனால் அதற்குப் பிறகு பேசுவதை நிறுத்திக்கொண்டார். பேசினால் நெஞ்சு வலித்தது. பயமும் இருந்திருக்கும்.

பார்வையாளர் நேரம் மாலை நாலிலிருந்து ஆறு வரை. அண்ணன் சாவியைக் கொடுத்துவிட்டு நேராக அங்கே போவார். கட்டிலுக்குப் பக்கத்து ஸ்டூலில் உட்காருவார். ஆறு மணி வரை இருவரும் எதிர்ச் சுவரைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். என்ன பேசுவது என்று அவருக்குத் தெரியவில்லை. இதை அவரே பிற்பாடு என்னிடம் சொன்னார்: "ஸ்டோர் சார், இருபத்திரண்டு வருஷமா அவ பேசுவா, நான் கேப்பேன். அவ நிறுத்தினதும் எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல. என்ன கேக்கணும்னே தெரியாம உக்காந்திருந்தேன்."

ஆறாம் நாள் காலை ஆறே முக்காலுக்கு, எண்பத்து மூன்றாவது கிலோமீட்டரில், கிரேடரின் ஹைட்ராலிக் ஹோஸ், பிளேடைத் தூக்குகிற எண்ணெய்க் குழாய், வெடித்தது. எண்ணெய் பீய்ச்சி அடித்து, பிளேடு தரையில் உட்கார்ந்துவிட்டது. தூக்க வழியில்லை. யார்டுக்குத் தகவல் சொன்னார். மெக்கானிக் வேறொரு பழுதில் மாட்டியிருந்தார். அவர் வந்து சேரப் பகல் ஒரு மணி ஆகும் என்றேன். நான் புது ஹோஸை எடுத்துக் கட்டி வைத்தேன். அங்கே அண்ணன் வண்டி நிழலில், மண்ணில் உட்கார்ந்தார். பார்வையாளர் நேரத்துக்குப் போய்ச் சேர முடியுமா என்ற கவலை வேறு.

அப்போதுதான் தன் காலுக்கு இரண்டு முழத் தூரத்தில் அந்தச் செடியைப் பார்த்தார். தரையோடு தரையாகப் படர்ந்து, சாம்பல் பூசியது போல் வெளுத்த சிறிய இலைகளோடு இருந்தது. அந்தச் சாலையை எட்டு வருஷமாகச் சீவுகிறார். ஒரு நாளும் கண்ணில் பட்டதில்லை. வண்டியின் மேலே உட்கார்ந்திருப்பவருக்கு அது மண்ணின் நிறம்தான். கொடியின் கணுக்களில் விரல் நுனி அளவு மொட்டுகள் முறுக்கிக்கொண்டு நின்றன. வெயில் ஏற ஏற, அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, ஒவ்வொன்றாக முறுக்கு அவிழ்ந்தது. ஒலிபெருக்கிக் குழாய் போன்ற வெள்ளைப் பூ. வெளிப்பக்கம் ஐந்து இளஞ்சிவப்புக் கோடுகள். எழுந்து பார்த்தால் ஓரமெல்லாம் அதுதான். நாற்பது மீட்டர் நீளத்துக்குக் கால் வைக்க இடமில்லை. சோளக்குருணை அளவுள்ள தேனீக்கள் பூவுக்குள் போய் மாவு பூசிக்கொண்டு வெளியே வந்தன. பத்தரை மணிக்குப் பூக்கள் ஓரம் சுருள ஆரம்பித்தன. பதினொன்றுக்கு ஒன்றுகூட இல்லை. மறுபடி வெறும் மண்.

மெக்கானிக் ஒன்றேகாலுக்கு வந்தார். ஹோஸ் மாற்றி வண்டி யார்டுக்கு வந்து சேர்ந்தபோது மணி ஆறரை. அன்று அவர் ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை.

மறுநாள் நாலு மணிக்குப் போனதும் அண்ணி கேட்டிருக்கிறார், "நேத்து ஏன் வரல?"

"வண்டி நின்னுபோச்சு" என்றார். வழக்கமாக அதோடு முடிந்திருக்கும். ஆனால் அன்று தொடர்ந்தார். "அங்க ஒரு பூ பார்த்தேன்."

அண்ணி திரும்பிப் பார்த்தார். அவருக்கு அதுவே அதிசயம். "என்ன பூ?"

"பேர் தெரியாது. பிழிஞ்ச துணி மாதிரி முறுக்கிக்கிட்டு இருந்துச்சு. வெயில் பட்டதும் தானா உதறிக்கிட்டு விரிஞ்சுது. விரிஞ்சதுக்கப்புறம் ஒரு சுருக்கம் கிடையாது. நீ இஸ்திரி போட்ட மாதிரி."

அண்ணி சிரித்தார். ஆபரேஷனுக்குப் பிறகு அதுதான் முதல் சிரிப்பு. நெஞ்சைக் கையால் அழுத்திக்கொண்டு, "சொல்லுங்க, சொல்லுங்க" என்றார். அண்ணன் சொன்னார். இலையைச் சொன்னார், தேனீயைச் சொன்னார், எந்தப் பூ முதலில் விரிந்தது, எது கடைசியில் என்று சொன்னார். வண்டிக்கு எண்ணெய் போட்டதைக் குறிக்கும் லூப்ரிகேஷன் சீட்டின் பின்பக்கம் பேனாவால் வரைந்தும் காட்டினார். அவருக்கு வரைய வராது, அண்ணி அதைப் பார்த்து, "இது என்ன, புனலா?" என்று கேட்டார். ஆறு மணி தாண்டியும் பேச்சு ஓயவில்லை. நர்ஸ் வந்து, "ஐயா, நேத்து வரைக்கும் நீங்க ஊமைன்னு நெனச்சேன். இப்ப கெளம்புங்க" என்று துரத்த வேண்டியிருந்தது.

அதற்கடுத்த நாள் வேறு எதையோ சொன்னார். மணல் மேட்டில் நரி ஓடியதை. அதற்கடுத்த நாள், லாரி ஓட்டுநர் ஒருவர் ஓரமாக நிறுத்திப் பல் துலக்கியதை. நாளெல்லாம் அண்ணிக்குச் சொல்ல விஷயம் தேடிக்கொண்டே வண்டி ஓட்டினார். அண்ணி தேறினார். பதினெட்டாம் நாள் வீட்டுக்கு வந்து, இருபத்திரண்டு படியையும் நாலு தடவை நின்று ஏறினார். தொடர்ந்து அவருடைய வாயும் பழைய நிலைக்குத் திரும்பியது. ஆனால் அண்ணன் இந்தத் தடவை வாயை மூடிக்கொள்ளவில்லை. யார்டில் அதே பத்து வார்த்தைதான். வீட்டில் கணக்கே இல்லை என்று அண்ணி சொல்வார்.

அந்தப் பூவை அண்ணன் மறக்கவில்லை. அந்த நாற்பது மீட்டரின் இரு முனையிலும் சுண்ணாம்பு அடித்த கல் ஒன்று வைத்தார். அங்கே வரும்போது பிளேடைத் தூக்குவார், தாண்டியதும் இறக்குவார். எங்கள் பிரிவுப் பொறியாளர், நாங்கள் கூப்பிடுகிற செக்ஷன் சார், ஆய்வுக்குப் போனபோது அது கண்ணில் பட்டுவிட்டது. வண்டியை நிறுத்திக் கேட்டார், "என்னய்யா இது, நாப்பது மீட்டர் மட்டும் மேடா நிக்குது? உங்க மாமனார் எழுதி வச்ச நிலமா?"

"பூ இருக்கு சார்."

"பூவா? எங்க?"

"இப்ப இருக்காது சார். மதியம் ஆயிடுச்சு."

சார் அவரை மேலும் கீழும் பார்த்தார். அப்புறம் பதிவேட்டை எடுத்து, அந்த இடத்துக்கு நேராக 'அடியில் பாறை, இழுக்க இயலாது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கிளம்பிப் போனார். அந்த வரியை நான் பார்த்திருக்கிறேன். அங்கே பாறையும் கிடையாது, கூழாங்கல்லும் கிடையாது.

இப்படிப் பதினோரு வருஷம் போனது. நல்ல மழை பெய்த வருஷங்களில் விடுமுறை நாளில் அண்ணனும் அண்ணியும் விடியற்காலையில் கிளம்பி அங்கே போய், ஃபிளாஸ்க்கில் டீ ஊற்றிக் குடித்து, பூ விரிவதைப் பார்த்துவிட்டு வருவார்கள்.

ஒரு மார்ச் மாதம் யார்டுக்கு ஒரு பெண்மணி வந்தார். கல்லூரியில் தாவரவியல் சொல்லிக் கொடுப்பவர். ஐம்பதை நெருங்கும் வயது, வெயிலில் கறுத்த முகம், காலில் கனத்த பூட்ஸ். கல்லூரி அலமாரியில் அறுபது வருஷத்துக்கு முன் யாரோ காயவைத்து ஒட்டிய ஒரு செடியின் தாள் இருக்கிறதாம். 'பாலைச் சாலை ஓரம்' என்று மட்டும் குறிப்பு. அதற்குப் பிறகு அந்தச் செடியை யாரும் பார்த்ததாகப் பதிவில்லை. ஆறு வருஷமாகத் தேடுகிறார். எங்கள் சாலையில் மட்டும் மூன்று தடவை முழுதாகப் போய் வந்துவிட்டார். தாளின் படத்தைக் காட்டினார். எனக்கு அந்தப் புனல் உடனே பிடிபட்டது.

"எத்தனை மணிக்கு மேடம் போனீங்க?" என்று கேட்டேன்.

"இங்கேர்ந்து கிளம்பிப் போய்ச் சேர பன்னிரண்டு ஆயிடும்."

பின்னால் சாவி கொடுக்க நின்ற அண்ணன் எட்டிப் பார்த்தார். "பதினொண்ணுக்கே கடை சாத்திடும் மேடம்" என்றார்.

அந்த ஞாயிறு விடியலில் மேடம், அண்ணன், அண்ணி, நான் நாலு பேரும் போனோம். எட்டரை மணிக்கு முதல் பூ விரிந்தது. மேடம் மண்ணில் உட்கார்ந்தார். கேமராவை எடுக்கவே இல்லை. பிறகு, "ரொம்ப நன்றிண்ணா" என்றார். அண்ணன் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டார்.

அண்ணிதான் நிலைமையைச் சமாளித்தார். "இது என்ன ஜாதி மேடம்?"

"சர்க்கரைவள்ளிக் கிழங்குக்குத் தூரத்துச் சொந்தம். வேலியில ஏறுற ஊதாப் பூ இருக்கில்ல, அதுக்குப் பங்காளி."

"அப்ப கீழ கிழங்கு இருக்குமா?"

"தோண்டினீங்கன்னா நான் போலீசுக்குப் போவேன்" என்றார் மேடம். அண்ணி விழுந்து விழுந்து சிரித்தார்.

அதன் பிறகு மேடம் எண்ண ஆரம்பித்தார். இரண்டு வெள்ளைக் கல்லுக்கும் நடுவே ஒன்பது செடிதான் இருந்தது. "முதல் வருஷம் கால் வைக்க இடமில்ல மேடம். வருஷா வருஷம் கொறஞ்சுக்கிட்டே வருது. மழைதான் சரியில்ல போல" என்றார் அண்ணன். அவர் சொன்னதைக் குறித்துக்கொண்டு மேடம் சாலையோரமாகவே நடந்துபோனார். வளைவு தாண்டி மறைந்தார். அரை மணி கழித்துத்தான் கூப்பிட்டார்.

வளைவுக்கு அப்பால், அண்ணன் ஒரு வருஷம்கூட விடாமல் பிளேடு போட்டுச் சீவிய ஓரத்தில், ஐம்பத்தேழு செடிகள் பூத்து நின்றன.

அண்ணன் அதைப் பார்த்தபடி அப்படியே நின்றுவிட்டார். மேடம் தயங்கித் தயங்கித்தான் சொன்னார். "அண்ணா, இந்த விதையோட தோல் கல்லு மாதிரி. தண்ணி உள்ள போகாது. எங்கயாவது ஒரு கீறல் விழணும். முன்னாடி வெள்ளம் வந்து சரளையோட சேர்த்து உருட்டிக் கீறி விட்டிருக்கும். சாலை போட்டு வாய்க்கால் வெட்டினதுக்கப்புறம் வெள்ளம் இந்தப் பக்கம் வரதில்ல. அந்த வேலைய உங்க பிளேடு செஞ்சிருக்கு. நீங்க தூக்கின இடத்துல புல்லும் புதரும் ஏறி, விதையெல்லாம் கீழ தூங்கிக்கிட்டு இருக்கு."

திரும்பி வரும் வழியெல்லாம் அண்ணன் பேசவில்லை. மறுநாளும் பேசவில்லை; வீட்டிலும்தான். அண்ணி பயந்துபோய் எனக்கு ஃபோன் செய்தார். மூன்றாம் நாள் காலை அண்ணனே கேட்டாராம்: "பதினோரு வருஷம் நான் அதக் கொன்னுட்டேனா?"

"கொல்லலீங்க, தூங்கத்தான் வச்சிருக்கீங்க. மேடம் அப்படித்தான சொன்னாங்க?" என்றார் அண்ணி. "அதுவும் இல்லாம, அந்தப் பக்கம் ஐம்பத்தேழு யாரு வளர்த்தது? தெரியாம செஞ்சது நல்லா வந்திருக்கு, தெரிஞ்சு செஞ்சது கொஞ்சம் சொதப்பியிருக்கு. என்னக் கட்டிக்கிட்டதும் நீங்க தெரிஞ்சு செஞ்சதா என்ன?" அண்ணன் சிரித்துவிட்டார். ஷேவ் செய்துகொண்டு வேலைக்குக் கிளம்பினார்.

மேடமும் செக்ஷன் சாரும் உட்கார்ந்து பேசினார்கள். எண்பத்து மூன்றாவது கிலோமீட்டரில் வசந்தத்தில் பிளேடு இறங்கக் கூடாது. விதை உதிர்ந்த பிறகு, ஆகஸ்டில் ஒரே ஒரு தடவை, இரண்டு விரல் ஆழம். சார் ஒரு பக்க உத்தரவாக எழுதிக் கொடுத்தார். நான் டைப் செய்து சுவரில் ஒட்டினேன். பதிவேட்டிலிருந்த அந்தப் பாறை வரியை சார் தன் கையாலேயே கோடு போட்டு அடித்தார்.

ஆகஸ்டில் அண்ணன் அந்த இடத்தை இழுத்த அன்று நானும் போயிருந்தேன். புது பிளேடு கேட்டு வாங்கி மாட்டியிருந்தார். வெள்ளைக் கல் இரண்டையும் எடுத்து ஓரமாக வைத்தார். இறக்கினார், நிறுத்தினார், இறங்கி வந்து விரல் வைத்து ஆழம் பார்த்தார், ஏறினார், மறுபடி நிறுத்தினார். நாற்பது மீட்டருக்கு ஒன்றரை மணி நேரம். முடித்ததும் வண்டி நிழலில் உட்கார்ந்து ஒரு பாட்டில் தண்ணீரையும் ஒரே மூச்சில் குடித்தார்.

அந்தக் குளிர்காலம் மழை இல்லை. மே மாதம் அண்ணன் ஓய்வு பெற்றார். அடுத்த குளிர்காலமும் மழை இல்லை. புது ஓட்டுநர் உத்தரவைப் பார்த்து அதன்படியே ஆகஸ்டில் இழுத்தார். மூன்றாம் குளிர்காலம் டிசம்பரில் தொடங்கி ஜனவரி வரை, நாலு தடவை, மண் ஊற ஊறப் பெய்தது.

மார்ச்சில் மறுபடி நாலு பேரும் போனோம். நாங்கள் போய் இறங்கியபோது பூக்கள் பாதி விரிந்திருந்தன. மேடம் குச்சியில் கட்டிய சின்னச் சின்ன அடையாளக் கொடிகள் கொண்டுவந்திருந்தார். செடிக்கு ஒன்றாக அண்ணி குத்திக்கொண்டே போனார், சத்தமாக எண்ணிக்கொண்டே. ஐம்பதில் கொடி தீர்ந்தது. அப்புறம் தீக்குச்சி. அதுவும் தீர்ந்து, வெறும் வாயால் எண்ணி முடித்தபோது இருநூற்றுப் பதினான்கு. அந்த நாற்பது மீட்டரில் மட்டும்.

மேடம் ஒரு சிறு கிளையை மட்டும் வெட்டித் தாளுக்கு நடுவே வைத்தார். கல்லூரி அலமாரிக்கு. "கண்டவர் பேர்னு ஒரு இடம் இருக்குண்ணா. உங்க பேரு போடுறேன்" என்றார்.

அண்ணன் கூச்சத்தோடு யோசித்தார். "நான் ஒருத்தனா மேடம் கண்டேன்? அன்னிக்கு மெக்கானிக் சீக்கிரம் வந்திருந்தா நான் பார்த்திருக்கவே மாட்டேன். சார் பாறைன்னு எழுதலேன்னா என்னிக்கோ மெமோ கொடுத்திருப்பாங்க. ஸ்டோர் சார் உங்ககிட்ட நேரம் கேக்கலேன்னா... அப்புறம் இவ. இவ கேக்கலேன்னா நான் யாருகிட்டயும் சொல்லியிருக்க மாட்டேன்."

"ஏங்க, அது லேபிளு. கல்யாணப் பத்திரிகை இல்ல" என்றார் அண்ணி.

கடைசியில் இருவர் பெயரும் போட்டார்கள். அண்ணன் பெயர் முதலில், பக்கத்தில் அண்ணி பெயர். எழுதும்போது அண்ணி கண்ணைத் துடைத்துக்கொண்டு, தூசி என்றார். காற்றே இல்லாத காலை அது.

அண்ணி இப்போதும் நன்றாக இருக்கிறார். வருஷம் ஒரு தடவை வால்வைச் சோதிக்கிறார்கள். வீட்டைத் தரைத்தளத்துக்கு மாற்றிக்கொண்டுவிட்டார்கள். யார்டு வாசலில் மழை அளக்கும் குழாய் ஒன்று உண்டு. காலையில் அதைப் பார்த்துக் குறிப்பதும் என் வேலைதான். வானம் கொஞ்சம் மூட்டமாக இருந்தால் போதும், மறுநாள் எட்டு மணிக்கு அண்ணனிடமிருந்து ஃபோன் வந்துவிடும். நேற்றும் வந்தது.

"ஸ்டோர் சார், எவ்வளவு?"

"மூணு மில்லிமீட்டர்ணே."

அவர் அண்ணியிடம் அதைச் சொல்வது கேட்டது. அண்ணி ஏதோ கேட்க, அண்ணன் பதில் சொல்ல, இருவரும் என்னை மறந்து பேசிக்கொண்டே இருந்தார்கள். கொஞ்ச நேரம் கழித்து நினைவு வந்து, "சந்தோஷம் சார், ரொம்ப சந்தோஷம்" என்று சொல்லி ஃபோனை வைத்தார்.